தொம்மலூரில் தண்ணீர் வரும் நேரம்

காலை ஏழரை. தொம்மலூரின் பழைய சந்து ஒன்றில் எங்கள் சுற்றுலாக் குழுவின் ஆறு சைக்கிள்களும் பாதி வழியை அடைத்துக்கொண்டு நிற்கின்றன. கண்ணாடி அலுவலகங்களுக்குப் பின்னால் இருக்கும் ‘நிஜமான பெங்களூரு’ இதுதான் என்று வழிகாட்டி ஆங்கிலத்தில் விளக்குகிறார். தெருக்குழாயில் தண்ணீர் வந்துகொண்டிருக்கிறது. பெண்கள் பிளாஸ்டிக் குடங்களோடு எங்கள் சக்கரங்களைச் சுற்றிக்கொண்டு நடக்கிறார்கள். எல்லோரும் போனைத் தூக்குகிறோம். நானும்தான்.

என் ஹேண்டில்பாரில் இடித்து ஒரு பெண்ணின் குடம் பாதி கொட்டிவிடுகிறது.

“மன்னிச்சிடுங்கக்கா. தண்ணி வர்ற நேரம்னு கைடுக்குத் தெரியல போல.”

“தெரியாதா? பக்கத்துத் தெருக்காரருதானே அவரு! நேத்து போன் பண்ணி எங்கிட்டயே கேட்டாரு, நாளைக்கு எத்தன மணிக்குத் தண்ணி விடுவாங்கன்னு. அந்த நேரத்துல வராம இருக்கத்தான் கேக்குறாருன்னு நெனச்சு நானும் சொன்னேன்.”

பின்னால் வழிகாட்டி கைதட்டுகிறார். சரியான நேரத்துக்கு வந்திருக்கிறோமாம். இன்னும் ஐந்து நிமிடம் படம் எடுத்துக்கொள்ளலாமாம்.

நான் சைக்கிளை ஓரமாக இழுக்கிறேன். அந்தப் பெண் மறுபடியும் குழாயடி வரிசையின் கடைசியில் போய் நிற்கிறார். குடம் நிறைந்திருந்தபோது எடுத்த அவருடைய படங்கள் மூன்று என் போனில் இருக்கின்றன.