துறைமுகப் படத்தில் ஒரு முகம்

பழைய பிரச்சாரப் படங்களைக் காப்பாற்றுவது என் வேலை. சுருளைத் துடைத்து, கிழிசலை ஒட்டி, கணினிக்கு மாற்றி, எது நிஜமாக நடந்தது, எது நடிக்கவைத்தது என்று குறிப்பு எழுத வேண்டும். பொய்யைக் கண்டுபிடிக்கச் சம்பளம் வாங்குகிறவளுக்கு வாய் கொஞ்சம் நீளம்தான். வீட்டில் யாரும் என்னிடம் கதை விட முடியாது.

போன வருடம் ஒரு சுருள் வந்தது. உலகப்போர் சமயத்தில் வெள்ளைக்கார அரசாங்கம் எடுத்தது. மெட்ராஸ் துறைமுகத்துத் தொழிலாளிகள் போருக்காகச் சிரித்துக்கொண்டே மூட்டை சுமக்கிறார்களாம். டப்பாவைத் திறந்ததும் வினிகர் நெடி மூக்கைத் துளைத்தது. படம் கெட ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். ஒரு தடவை ஓட்டலாம், மறு தடவைக்குத் தாங்காது.

கல்மண்டபம் வீட்டில் எங்களோடு இருக்கும் மாமியாரிடம் இதைப் பேச்சுவாக்கில் சொன்னேன். அவர் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டார். அவருடைய அப்பா அந்தக் காலத்தில் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். மாமியாருக்கு ஆறு வயதிருக்கும்போதே இறந்துவிட்டார். ஒரு போட்டோகூடக் கிடையாது.

"எங்க நைனா அதுல கீறாரான்னு பாக்கணும் கண்ணு."

"எப்படி அத்தை அடையாளம் தெரியும்?"

"முதுக வச்சிதான். வேல முட்ச்சி வந்தா குப்புற படுத்துக்குவாரு, நான் மேல ஏறி மிதிப்பேன். எடது தோளுக்குக் கீழ பெரிய தீத்தழும்பு. மூஞ்சிதான் எனக்கு ஞாபகமே இல்ல."



சுருளை மெதுவாக ஓட்டிக் கணினிக்கு மாற்றினேன். இரண்டு இடத்தில் அறுந்தது, ஒட்டினேன். எப்படியோ கடைசிவரை வந்துவிட்டது. வழக்கம்போலக் குறிப்பும் எழுதினேன்: சிரிப்பு சொல்லிக்கொடுத்தது, மூட்டைகள் உண்மையானவை.

மேலதிகாரியிடம் அனுமதி வாங்கி, ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்து வந்த மாமியாருக்கு மடிக்கணினியில் போட்டுக் காட்டினேன். வெற்று முதுகோடு வரிசையாகப் போகிறார்கள். "நிறுத்து" என்றார். மூன்றாவது ஆளின் தோளுக்குக் கீழே உள்ளங்கை அகலத்துக்குத் தழும்பு. மறுபடி ஓட விட்டேன். தலையில் மூட்டையோடு அந்த ஆள் கழுத்தைத் திருப்பி, கேமராவைப் பார்த்து வாய் கொள்ளாமல் சிரித்தார். மாமியார் திரையில் அந்தக் கன்னத்தின்மேல் விரலை வைத்தார். யாரையும் திரையைத் தொட விடாதவள் நான். அன்று தடுக்கவில்லை.

பிறகு என் புத்தி சும்மா இருக்கவில்லை. "அத்தை, அந்தச் சிரிப்பு நிஜமில்ல. சிரிக்கச் சொல்லி எடுத்திருப்பாங்க."

முப்பது வருடம் தலையில் மீன்கூடை சுமந்தவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "மூட்டதான் டூப்பு. கழுத்த பாரு. பாரம் இருந்தா இப்டித் திரும்புமா? உள்ள வைக்கோலுதான் கீது."

முதலிலிருந்து ஓட்டிப் பார்த்தேன். எல்லார் கழுத்தும் இஷ்டத்துக்குத் திரும்புகிறது. இத்தனை வருடப் படிப்பில் எனக்கு அது கண்ணில் படவில்லை. வெட்கமாக இருந்தது, அவரைக் கட்டிக்கொள்ளவும் தோன்றியது.

"அப்போ சிரிப்பு?"

"ஒரு நாளு பாரம் இல்லாத வேல. சிரிக்க மாட்டாரா?" முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நல்லவேள, பொய் மூட்டய குட்த்தானுங்க. நெச மூட்டயா இருந்தா நைனா இந்தப் பக்கம் திரும்பியே இருக்க மாட்டாரு."