பேத்தியின் மீள்திருத்தமும் அம்மன் தந்த வெள்ளைப் பூவும்

மாரியம்மாவை நம்பியிருக்கும் சொந்தங்களே, என் பேத்தி பவானி சுவரைப் பார்த்துப் படுத்துக் கிடந்த நாட்களிலிருந்துதான் நான் சொல்ல வேண்டும். எனக்கு எழுத்துத் தெரியாது. நான் சொல்ல, அவளே எழுதுகிறாள்.

மடுல்சீமைப் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டத்து லய வீடுகளிலிருந்து பல்கலைக்கழகம் போன முதல் பிள்ளை அவள். கடைசிப் பரீட்சையில் ஒரே ஒரு பாடத்தில் தவறிவிட்டதாக வந்தது. "நான் நல்லாத்தான் எழுதுனேன் தாத்தா" என்று அழுதாள். விடைத்தாளை மறுபடி திருத்திப் பார்க்கச் சொல்லி மீள்திருத்தத்துக்கு விண்ணப்பித்தாள். தைப்பொங்கல் போனது, சித்திரை போனது, முடிவு வரவில்லை. பல்கலைக்கழகத்துக்குப் போன் எடுத்தால், பார்க்கிறோம் என்பார்கள். அது வராமல் பட்டம் இல்லை. பட்டம் இல்லாமல் ஆசிரியர் நியமனத்துக்கு விண்ணப்பிக்க முடியாது. அதற்கான கடைசி நாளும் நெருங்கியது.

கோர்ட்டுக்குப் போகலாம் என்றாள். வேண்டாம் தாயி என்றேன். நான் தோட்டத்துத் துரை முன்னால் கைகட்டி நின்று பழகியவன். அந்தக் காலத்தில் லயத்துக்குத் தண்ணீர்க் குழாய் கேட்ட என் அண்ணனுக்கு வேலையை நிறுத்திவிட்டார்கள். அண்ணன் தப்படித்தால் மலையே ஆடும், அது வேறு கதை.

"கேட்டா கோவிச்சுக்கிட்டு மறுபடியும் பெயிலாக்கிருவாங்க தாயி" என்று சொல்லிவிட்டு, கோயிலில் பூக் கட்டிப் போட்டுப் பார்த்தேன். சிவப்பு வந்தால் கோர்ட்டுக்குப் போவது, வெள்ளை வந்தால் வேண்டாம். அம்மன் காலடியிலிருந்து நான் எடுத்த பொட்டலத்தில் வெள்ளைப் பூ.

"அம்மன்கிட்ட கேட்டீங்க. பரீட்சை எழுதுனவகிட்ட கேட்டீங்களா?" என்றாள் பவானி. எழுந்து முகம் கழுவி, என்னையும் இழுத்துக்கொண்டு பதுளைக்கு பஸ் ஏறினாள்.

அங்கே ஒரு வக்கீல் அம்மா, யாழ்ப்பாணத்துப் பிள்ளை. பூ விஷயத்தைச் சொன்னதும் சிரித்துவிட்டார்.

"ஐயா, கோட்டுக்குப் போகவேண்டாம் எண்டுதானே அம்மன் சொன்னவ? கடிதம் போடவேண்டாம் எண்டு சொல்லேல்லையே!"

பிறகு நிதானமாக விளக்கினார். முடிவைக் கேட்பது பிச்சையில்லை, உரிமை. முதலில், நாள் குறித்து முடிவு கேட்கும் வக்கீல் கடிதம். கூடவே, தாமதத்துக்குக் காரணம் கேட்டுத் தகவல் அறியும் சட்டத்தில் ஒரு விண்ணப்பம். அதற்கும் அசையாவிட்டால்தான், முடிவை வெளியிடச் சொல்லும் ஆணை கேட்டு நீதிமன்றம்.

"ஆனா கனகாலம் சும்மா இருந்திட்டுப் போகேலாது ஐயா. ஏன் பிந்தினியள் எண்டு கோட்டிலயும் கேப்பினம்."

எத்தனை தெளிவு! கேட்கக் கேட்க என் பயம் இறங்கியது.

கடிதம் போனது. நான் அம்மனுக்கு விளக்கேற்றிக்கொண்டே இருந்தேன். கடிதத்தில் குறித்த நாளுக்கு முன்பே முடிவு வந்தது. பவானி தேறியிருந்தாள். போனைப் பிடித்துக்கொண்டு, "தாத்தா... தாத்தா..." என்றாள். கோர்ட்டு வாசலை நாங்கள் மிதிக்கவேயில்லை. அம்மனின் பூ பொய்யாகவில்லை.

நியமனத்துக்கும் கடைசி நாளுக்குள் விண்ணப்பித்து, இப்போது அவள் பக்கத்துத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர். அந்த வக்கீல் அம்மாவை நினைக்காமல் நான் திருநீறு பூசுவதில்லை.

சொந்தங்களே, உங்கள் பிள்ளையின் முடிவும் எங்காவது முடங்கிக் கிடந்தால் மாரியம்மாவை நம்பிக் கும்பிடுங்கள். கும்பிட்ட கையோடு போய்க் கேளுங்கள். கைகட்டாமல் ஒரு வக்கீல் மேசைக்கு முன்னால் நான் உட்கார்ந்தது இந்த வயதில்தான். அன்றைக்கு எனக்கு நாற்காலியை இழுத்துப் போட்டவள் பவானி. போட வைத்தவள் அம்மன்.

இந்தக் கடைசி வரியை எழுதமாட்டேன் என்கிறாள் பவானி. எழுது தாயி என்றேன்.