சரஸ்வதி பூஜைக்குச் சுத்தம் செய்த கம்ப்யூட்டர்

அந்த வருஷம் சரஸ்வதி பூஜைக்கு முதல் நாள் அண்ணா கம்ப்யூட்டரை எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டாத குறைதான். பழைய பனியனை நனைத்து மானிட்டரைத் துடைத்தான், கீபோர்டைக் கவிழ்த்துப் போட்டுத் தட்டினான். அதோடு விட்டிருக்கலாம். வெளியே துடைத்தால் மட்டும் போதுமா, உள்ளேயும் துடைக்க வேண்டாமா என்று உட்கார்ந்து, விண்டோஸுக்குள் சிஸ்டம் என்றிருந்த ஃபோல்டரைத் திறந்து, தனக்குப் பெயர் புரியாத ஃபைல்களை ஒவ்வொன்றாக அழித்தான். குப்பைத்தொட்டியையும் மறக்காமல் காலி செய்தான். மறுநாள் மானிட்டருக்குச் சந்தனம் குங்குமம் வைத்துப் புத்தகங்களோடு அதற்கும் பூஜை நடந்தது. பூஜையன்று எதையும் படிக்கக் கூடாது, எந்தக் கருவியையும் தொடக் கூடாது. அதனால் அவன் செய்து வைத்திருந்த காரியம் அன்றைக்குத் தெரியவில்லை.

விஜயதசமி காலையில் போட்டுப் பார்த்தால் அவனுடைய ஜாதக சாஃப்ட்வேர் திறக்கவில்லை. என் டைரியும் திறக்கவில்லை. இன்ன பெயருள்ள டி.எல்.எல். ஃபைலைக் காணோம் என்று இரண்டும் ஒரே வாக்கியத்தைச் சொல்லிவிட்டு மூடிக்கொண்டன.

என் டைரி என்ன டைரி என்று சொல்லிவிடுகிறேன். தி. நகரில் புகுந்த வீட்டில் நான்கு வருஷம் இருந்தேன். அந்த ஆள் என்னை அடித்த நாட்களையெல்லாம் துண்டுக் காகிதங்களில் தேதி போட்டு எழுதி, உளுத்தம்பருப்பு டப்பாவுக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தேன். மயிலாப்பூருக்கு அண்ணா வீட்டோடு வந்த பிறகு அவற்றைப் பார்த்துப் பார்த்து கம்ப்யூட்டரில் அடித்தேன். டைரி எழுதுவதற்கென்றே ஒரு சாஃப்ட்வேர், காலண்டரில் தேதியைத் தொட்டால் அந்த நாளின் பக்கம் வரும், பாஸ்வேர்டு போட்டுப் பூட்டலாம். தமிழ் எழுத்து கிடையாது, இங்கிலீஷ் எழுத்திலேயே தமிழை அடிக்க வேண்டும். அடித்து முடித்ததும், மன்னி கண்ணில் பட்டுவிடப் போகிறதே என்று, புத்தி கெட்டுப்போய் அந்தக் காகிதங்களைக் கிழித்துப் போட்டேன். இப்போது விவாகரத்து வழக்கு. தேதி இல்லாமல் பேசினால் கோர்ட்டில் கதை என்பார்கள், தீபாவளி கழித்து வாய்தா, அதற்குள் எல்லாத் தேதியும் கையில் வேண்டும் என்று வக்கீலம்மா கறாராகச் சொல்லியிருந்தார்.

அண்ணாவுக்கு ஜாதகம் இல்லாமல் பொழுது விடியாது. சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் அவன்தான் பொருத்தம் பார்த்துக் கொடுப்பான். என் ஜாதகத்தையும் அவன்தான் பார்த்தான், பத்துக்கு எட்டுப் பொருத்தம் என்று சொன்னான், அந்த லட்சணத்தை நான் அனுபவித்தாயிற்று. அன்று மத்தியானமே தன் ஆபீஸ்காரர் ஒருவரை ஃபோன் போட்டு வரவழைத்தான். அவர் ஃப்ளாப்பியில் அந்த ஃபைலைக் கொண்டுவந்து போட்டார். ஜாதகம் ஓடியது. டைரி அப்போதும் ஓடவில்லை. ஃபைல் இருக்கிறது, ஆனால் தனக்கு வேண்டியது அதற்குள் இல்லை என்ற மாதிரி வேறு எதையோ சொன்னது. உன்னுடையது கெட்டுப்போயிருக்கும் என்று சொல்லிவிட்டு அண்ணா சுண்டல் சாப்பிடப் போய்விட்டான்.

அடையாறில் நான் கணக்கு சொல்லிக்கொடுத்த பள்ளியில் கம்ப்யூட்டர் டீச்சர் ஒருத்தி இருந்தாள், சாந்தோம்காரி. டைரி சாஃப்ட்வேரை எனக்குக் கொடுத்தவளே அவள்தான். ஸ்டாஃப் ரூமில் அவளிடம் அழாத குறையாகச் சொன்னேன். டைரியில் எழுதினது எங்கேயும் போகவில்லை, பூட்டி பத்திரமாக இருக்கிறது, திறக்கிற வழிதான் போயிற்று என்றாள். எந்த சாஃப்ட்வேரும் தனக்கு வேண்டிய எல்லாவற்றையும் தானே சுமந்துகொண்டு வராதாம். கட்டம் போட, பட்டன் வரைய, காலண்டர் காட்ட என்று பொதுவாகச் சில ஃபைல்கள் இருக்குமாம், ஃப்ளாட்டில் எல்லாருக்கும் ஒரே தண்ணீர் மோட்டார் இருக்கிற மாதிரி. அந்தப் பொது ஃபைலிலும் பழசு, புதுசு உண்டு. பெயர் ஒன்றே. ஆபீஸ்காரர் போட்டது பழசு, ஜாதகத்துக்கு அதுதான் ஒத்துக்கொள்ளும். என் டைரிக்குப் புதுசு வேண்டும். ஒரே இடத்தில் ஒரே பெயரில் இரண்டு இருக்க முடியாது.

அவள் கொடுத்த ஃப்ளாப்பியோடு சனிக்கிழமை வீட்டுக்கு வந்து, புதுசை அதே இடத்தில் போட்டேன். டைரி திறந்தது. உடனே பிரின்ட் எடுக்கப் போனேன். பிரின்டரில் பேப்பர் இல்லை. லஸ் கடைவீதிக்குப் போய் வாங்கிக்கொண்டு ஒரு மணி நேரத்தில் திரும்பினால், அண்ணா பழைய ஃபைலை மறுபடி போட்டுவிட்டு யாருக்கோ பொருத்தம் பார்த்துக்கொண்டிருந்தான். ஜாதகம் நின்றுபோய்விட்டது, மாமா ஒருவர் ஹாலில் காத்திருக்கிறார், அவரை எப்படித் திருப்பி அனுப்புவது என்றான். என் வாய்தாவை யார் திருப்பி அனுப்புவார்கள் என்று கேட்டேன். மாமா எதிரில் கத்தாதே என்றான்.

அதன் பிறகு பத்து நாள் இதே கூத்து. நான் புதுசைப் போட உட்கார்ந்தால், உடனே அவனுக்கு ஒரு ஜாதகம் முளைத்துவிடும். பிரின்ட் எடுக்கிற வரைக்குமாவது விடேன் என்று கெஞ்சினேன். சிஸ்டமே மொத்தமாகப் படுத்துவிடும் என்று பயமுறுத்தினான். சொந்த வீடு என்று நினைத்துக்கொண்டு வந்தேனே என்று பற்றிக்கொண்டு வந்தது.

கடைசியில் சாந்தோம்காரிதான் வழி சொன்னாள். புது ஃபைலைப் பொது இடத்தில் வைக்காதே, டைரியின் சொந்த ஃபோல்டருக்குள் வை, சாஃப்ட்வேர் முதலில் தன் வீட்டுக்குள் தேடும், அங்கே இல்லாவிட்டால்தான் வெளியே போகும் என்றாள். ஞாயிற்றுக்கிழமை காலையில் அப்படியே செய்தேன். டைரி திறந்தது. அதை மூடிவிட்டு ஜாதகத்தைத் திறந்தேன், அதுவும் திறந்தது. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அண்ணாவைக் கூப்பிட்டு இரண்டையும் காட்டினேன், இனி உனக்கு ஒரு தொந்தரவும் இல்லை என்றேன்.

அவன் முகம் மலரவில்லை. பிரின்டர் சுவிட்சின் மேல் கையை வைத்துக்கொண்டு நின்றான்.

"இதெல்லாம் கோர்ட்டுக்குப் போகப்படாது," என்றான். "ஆத்துல ஒரு பொண்ணு இருக்கா. நாளைக்கு அவளுக்கு வரன் பாக்கணும். அவ அத்தை, கட்டின புருஷன் மேலயே கேஸ் போட்டவள்னு நாலு பேர் சொல்லிண்டு திரிவா."

அவன் பெண்ணுக்கு அப்போது ஏழு வயசு.

"அப்போ விஜயதசமி அன்னிக்கு என் டைரி தெறக்கலேன்னதும்?" என்று கேட்டேன்.

"நிம்மதியா இருந்தது. பொய் சொல்லுவானேன்."

வேண்டுமென்றே அழிக்கவில்லை என்பது எனக்கும் தெரியும். அதுவரை அவனைத் தெரியாமல் செய்த முட்டாள் என்றுதான் திட்டிக்கொண்டிருந்தேன். அவன் கையை எடுத்து அப்பால் வைத்துவிட்டு நானே சுவிட்சைப் போட்டேன். நாற்பத்தொரு பக்கம், ஒன்றரை மணி நேரம் கரகரவென்று அடித்தது. அவன் அடுத்த அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.

மறுநாள் வக்கீலம்மாவிடம் கொடுப்பதற்கு முன்னால் பஸ்ஸில் உட்கார்ந்து வரிசையாகப் பார்த்தேன். நான் அந்த வீட்டை விட்டு வந்த நாளுக்கும் ஒரு பக்கம் எழுதியிருந்தேன். அண்ணா ஆட்டோவிலிருந்து என் பெட்டியை யாரையும் தொடவிடாமல் தானே தூக்கிக்கொண்டு மாடி ஏறினான், எத்தனை நாள் வேண்டுமானாலும் இரு, நான் இருக்கிறேன் என்றான், நான் அவன் தோளில் சாய்ந்து அழுதேன் என்று இருந்தது. வழக்குக்கு அந்தப் பக்கத்தால் ஒரு பிரயோஜனமும் இல்லை. அதை மட்டும் தனியாகக் கிழித்து எடுத்து, பஸ் ஜன்னல் வழியாக வெளியே போட்டேன்.