அவருக்கு முன்னால் நின்றவன்

எட்டு வருடம் லண்டன் படப்பிடிப்புகளில் ஒரு பெரிய நடிகருக்குப் பதிலாக விளக்கு வெளிச்சத்தில் நின்றேன். அவருடைய உயரமும் நிறமும் எனக்கு இருந்தன. அதுதான் என் தகுதி. கமராவைச் சரிசெய்து முடித்ததும் அவர் வருவார், நான் விலகுவேன். துருக்கிய வியாபாரி, அரபு மருத்துவர், குஜராத்தி நீதிபதி என எந்த வேடமும் அவருக்குப் பொருந்துவதாகப் பத்திரிகைகள் புகழ்ந்தன.

ஒருமுறை அவருக்கு யாழ்ப்பாணத்து அகதி வேடம் வந்தது. நான் செய்யட்டுமா என்று கேட்டேன். "உங்களைப் பார்த்தால் அகதி மாதிரித் தெரியவில்லையே" என்றார் இயக்குநர். லொறிக்குள் ஒளிந்து இந்த நாட்டுக்கு வந்தவனிடம் சொல்கிற கதையா இது? பற்றிக்கொண்டு வந்தது. ஆனாலும் மதியச் சாப்பாட்டு நேரங்களில் அந்த நடிகருக்கு எங்கள் பேச்சைச் சொல்லிக்கொடுத்தேன். பேசத் தொடங்குமுன் நான் செருமுவதை அவர் என்னிடம் கேட்காமலே எடுத்துக்கொண்டார்.

படம் தொலைக்காட்சியில் வந்த அன்று, கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் எங்கள் வீட்டில் அதை வீடியோ கசட்டில் பதிந்துகொண்டே மனைவி கண்ணைத் துடைத்தாள்.

"அசல் எங்கட ஆள்தான். அந்தச் செருமலைப் பாருங்கோ! இத்தனை வருசம் அவரோட நிண்டும் உங்களுக்கு இப்பிடி நடிக்க ஏலாமப் போச்சே."

நான் செருமினேன். "ஓம்" என்றேன்.