செல்வராணி வேண்டாம் என்ற காட்சி

நான் பொய் சொன்னேன். செல்வராணி "வேண்டாம்" என்றதை, கொலெத்திடம் "சம்மதம்" என்று மாற்றிச் சொன்னேன். என் மனைவிக்குக்கூட இது தெரியாது. உங்களிடம்தான் முதலில் சொல்கிறேன்.

கொலெத், பிரான்சிலிருந்து வந்த ஆவணப்பட இயக்குநர். இளமையில் துறைமுகத் தொழிலாளரின் வேலைநிறுத்தத்தைப் படமாக்கித் தொடங்கியவர். பிறகு தையல் ஆலைப் பெண்கள், ஆஸ்பத்திரியில் தரை கூட்டுகிறவர்கள்... இலங்கையில் புளத்கொகுபிட்டியவுக்கு அருகே எங்கள் ரப்பர் தோட்டத்துக்கும் அப்படித்தான் வந்தார். தோட்டப் பள்ளியில் ஆங்கிலம் படிப்பிக்கும் நான் அவருடைய மொழிபெயர்ப்பாளன் ஆனேன்.

அவருக்கு ஒரு விதி உண்டு. படத்தில் வருகிறவர்கள்தான் அதை முதலில் பார்க்க வேண்டும். தன் காட்சியைப் படத்திலிருந்து எடுத்துவிடும்படி யார் சொன்னாலும், காரணம் கேட்காமல் எடுத்துவிடுவார்.

பாரிசுக்குத் திரும்பிய பின் படத்தை எனக்கு அனுப்பினார். ஒரு ஞாயிறு மதியம், வகுப்பறை ஜன்னல்களை மூடி, சுவரில் ஓட்டிக் காட்டினேன். ரப்பர் மரத்தில் பால் வெட்டும் செல்வராணி திரையில் சிரித்துக்கொண்டே சொல்கிறார்: "பால் வெட்டுறவனுக்கு மட்டும் எம் மகளைக் குடுக்க மாட்டேன்! அவன் கை வீச்சம் கல்யாணத்தன்னைக்கும் போகாது!"

அறையே சிரித்தது. "இவ வாயைத் தைக்க ஊசி இல்லையா?" என்றது பின்னாலிருந்து ஒரு குரல். செல்வராணி மட்டும் சிரிக்கவில்லை. எல்லோரும் போகும்வரை நின்றார்.

"மாஸ்டர், மகளை இப்ப பக்கத்துத் தோட்டத்துல பேசியிருக்கு. பையன் பால் வெட்டுறவன்தான். சம்பந்தி பாத்தா எம் மானம் போயிரும். அதை மட்டும் எடுத்துறச் சொல்லுங்க."

"சொல்றேன்" என்றேன்.

அன்று மாலையே கொலெத் தொலைபேசியில் கேட்டார். எல்லோருக்கும் சம்மதம் என்றேன்.

ஏன்? அந்தக் காட்சி அவ்வளவு அழகாக இருந்தது! அது போனால் படமே படுத்துவிடும் என்று நினைத்தேன். பாரிசில் ஓடும் படத்தை இங்கே யார் பார்க்கப் போகிறார்கள் என்றும் நினைத்தேன். விடைத்தாள் திருத்தும்போது அரைப் புள்ளிக்குத் திரும்பத் திரும்ப யோசிக்கிறவன் நான்... இதற்கு யோசிக்கவே இல்லை.

படம் பரிசு வாங்கியது. இன்று கொலெத் இளம் இயக்குநர்களுக்கு வகுப்பெடுக்கிறார். தன் விதிக்கு எங்கள் தோட்டத்தைத்தான் உதாரணம் காட்டுகிறார்!

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. பேரனும் பிறந்தான். அதற்குப் பிறகுதான் யாரோ அந்தக் காட்சியைக் கைபேசியில் அனுப்ப, சம்பந்தியம்மா பார்த்துவிட்டார். சண்டை போடவில்லை. "வீச்சம் புடிச்ச வீட்டுச் சோறு ஒங்களுக்கு எதுக்கு?" என்று ஒரே ஒரு தடவை கேட்டாராம். அன்றிலிருந்து செல்வராணி மகள் வீட்டில் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. பேரனை வாசலில் நின்றே கொஞ்சிவிட்டுத் திரும்புகிறார்.

நான் இதனால் உருகிப் போய்விட்டேன் என்று நினைக்காதீர்கள். நன்றாகச் சாப்பிடுகிறேன், நன்றாக உறங்குகிறேன். படத்தில் இன்றும் எனக்கு மிகப் பிடித்தது அந்தக் காட்சிதான். இப்படி ஒருவன் நிம்மதியாக இருக்கலாமா? இருக்கிறேனே!

அடுத்த மாதம் கொலெத் மறுபடி வருகிறார். போன வாரம் பஸ் நிலையத்தில் செல்வராணியிடம் அதைச் சொன்னேன். முகம் சுருங்கியது.

"நான் வரல மாஸ்டர். எடுத்துர்றேன்னு ஏமாத்துன பொம்பள மூஞ்சில எப்பிடி முழிக்கிறது? நீங்க அந்தம்மாகிட்ட சொன்னீங்கதானே?"

இப்போதாவது... நாக்கு நுனிவரை வந்தது.

"சொன்னேன்" என்றேன்.

"எனக்குத் தெரியும். நீங்க சொல்லாம இருப்பீங்களா?"

கூடையிலிருந்து ஒரு கொத்து ரம்புட்டானை எடுத்து என் பையில் போட்டுவிட்டு பஸ் ஏறினார்.

வீட்டுக்கு வந்து உரித்துத் தின்றேன். இனிப்பாகத்தான் இருந்தது.