முதல் தடவை மலைக்கு

நான் குவைத்துக்குப் போனபோது என் மகளுக்கு மூன்று வயது. ஒரேயடியாகத் திரும்பி வந்தபோது பதினொன்று. இடையில் ஒரு தடவை, ஒரு மாத லீவில் வந்தேன். அந்த மாதம் முழுக்க அவள் கதவுக்குப் பின்னால் நின்றுதான் என்னைப் பார்த்தாள். கிட்ட வந்து உட்காரப் பழகிய நேரத்தில் லீவு முடிந்துவிட்டது.

அவளுக்கு முதல் பல் விழுந்தது, முதல் நாள் பள்ளிக்கூடம் போனது, பாட்டுப் போட்டியில் முதலாவதாக வந்து சோப்புப் பெட்டி வாங்கியது, எல்லாம் எனக்குக் கடிதத்தில் வந்த சங்கதிகள். எழுதியது என் கணவர். என்ன எழுத வேண்டும் என்று பக்கத்தில் நின்று சொன்னது அவருடைய அக்கா, என் நாத்தனார். புருஷனை இழந்தவள், பிள்ளை இல்லாதவள். அரநாயக்கப் பக்கம் எங்கள் தோட்டத்தில் கூலிக்கு றப்பர் பால் வெட்டிக்கொண்டு, லயத்து வரிசை வீட்டில் எங்களோடு இருந்தாள். நான் போன அன்றிலிருந்து என் மகளை வளர்த்தவள் அவள்தான். அதற்காக அவளைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும் என்று எல்லோரும் என்னிடம் சொன்னார்கள். எல்லோரும் சொன்னதாலேயே எனக்கு அவளைப் பிடிக்காமல் போய்விட்டது.

குவைத்தில் நம்மூர்ப் பெண்கள் ஏழெட்டுப் பேருக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தவள் நான். மற்றவர்களுடைய பிள்ளைகளுக்கு என் கண்ணே, என் ராசாத்தி என்று பக்கம் பக்கமாக எழுதித் தள்ளியிருக்கிறேன். சொந்தப் பிள்ளையின் முன்னால் உட்கார்ந்தால் ஒரு வார்த்தை வரவில்லை. சாப்பிட்டியா என்று கேட்பேன். சாப்பிட்டேங்க என்பாள். அதோடு பேச்சு முடிந்தது. அப்பாவை வா போ என்று பேசுகிறவள், அத்தையின் கொண்டையைப் பிடித்து இழுத்துச் சண்டை போடுகிறவள், எனக்கு மட்டும் மரியாதை கொடுத்தாள். தோட்டத்துக்கு ஊசி போட வரும் மருத்துவமாதுவிடம் பேசுவதும் அப்படித்தான். என்னை அம்மா என்று கூப்பிடவில்லை. வேறு எதுவும் சொல்லியும் கூப்பிடவில்லை. என்னிடம் ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் என் முன்னால் வந்து நிற்பாள்.

ஆகவே அவளுடைய முதல்களில் ஒன்றாவது எனக்கு வேண்டும் என்று முடிவு செய்தேன். யோசித்ததில் மலைதான் மிஞ்சியது. எங்கள் பக்கத்தில் பிறந்தவர்கள் எல்லோரும் ஆயுளில் ஒரு தடவையாவது சிவனொளிபாத மலை ஏறிவிடுவார்கள். நான் ஏறியதில்லை. கல்யாணத்துக்கு முன்னால் அப்பா விடவில்லை. பின்னால் மகள் வயிற்றில் வந்துவிட்டாள். அதற்குப் பின்னால் விமானம் ஏறிவிட்டேன்.

கேகாலை டவுனில் சொகுசு பஸ்காரர்கள் மலை சீசனில் அதிகாலையில் கூட்டிப்போய் இரவுக்குள் கொண்டுவந்து விடுவதாகவும், வழிகாட்டி ஒருவர் கூடவே வருவதாகவும் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். எட்டு வருஷம் அடுத்தவன் வீட்டுச் சொகுசைத் துடைத்துத் துடைத்து வைத்தவள் நான். ஒருநாளாவது அதன்மேல் உட்கார்ந்து பார்த்தால் என்ன குறைந்துவிடும்? இரண்டு சீட்டுக்குச் சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து விஷயத்தைச் சொன்னேன்.

"இவ இன்னும் மலைக்குப் போனதில்லதானே. நானே கூட்டிட்டுப் போறேன்."

என் கணவர் சட்டையில் பொத்தானைத் தேடினார். நாத்தனார் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். துருவல் சற்று நின்றது. பிறகு, "நல்லது, கூட்டிட்டுப் போ. ஒனக்கும் ஆசையா இருக்கும்ல," என்றாள். ஒருவரும் நான் கேட்டதற்குப் பதில் சொல்லவில்லை என்பது எனக்கு அப்போது தோன்றவில்லை.

பஸ் பெரியதாக, குளிராக இருந்தது. சிவப்பு வெல்வெட் திரை, அதில் தங்கக் குஞ்சம். நாட்டில் சண்டை நின்றிருந்த காலம் அது. செக்பாயின்டில் ஆட்களை இறக்கி வரிசையில் நிற்க வைக்காமல் கையசைத்து விட்டுவிட்டார்கள். பஸ்ஸில் கேகாலைச் சிங்களக் குடும்பங்கள்தான் அதிகம். பக்கத்து வரிசையில் மாவனல்லை முஸ்லிம் தம்பதிகள் இருந்தார்கள். அந்த அம்மா சுற்றி வளைக்காமல் கேட்டார்.

"மகளா? ஒங்கட சாயல் இல்லையே. பேசவே மாட்டா போல ஈக்கிது."

"நல்லாப் பேசுவா. தூக்கம்," என்றேன். மகள் அப்போது கண்ணை நன்றாகத் திறந்து வைத்திருந்தாள்.

வழிகாட்டி கழுத்துப்பட்டி கட்டிய இளந்தாரி. மைக்கைப் பிடித்து முதலில் எல்லோரையும் வாழ்த்தினார். பிறகு சிங்களத்தில் கேட்டார்: "கோடுகாரயோ கவுத?" முதல் தடவை மலை ஏறுகிறவர்களைக் கோடு என்பார்கள். கோடுகாரர்கள் யார், கையைத் தூக்குங்கள் என்கிறார். நான் என் கையைத் தூக்கினேன். மகள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் கையையும் பிடித்து நானே தூக்கினேன். பஸ் முழுக்கத் திரும்பிப் பார்த்துச் சிரித்தது. வழிகாட்டி வந்து எங்கள் இரண்டு பேருக்கும் ஆளுக்கு ஒரு வெள்ளை நூலைக் கையில் கட்டிவிட்டுப் போனார். எனக்கு அப்படியொரு சந்தோஷம். ஆஸ்பத்திரியில் பிள்ளை பெற்றதும் தாய்க்கும் பிள்ளைக்கும் ஒரே நம்பரில் பட்டி கட்டுவார்கள், அது நினைவுக்கு வந்தது.

கித்துல்கல தாண்டி கினிகத்தேனை வளைவுகள் தொடங்கியதும் எனக்குத் தலை சுற்றியது. ஜன்னலைத் திறக்க முடியாத பஸ். குவைத்தில் வளைவு ஏது, எல்லாம் நேர் ரோடு. வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். மகள் தன் பையிலிருந்து ஒரு தேசிக்காயை எடுத்து, எலுமிச்சை வாசம் வர நகத்தால் கீறி, என் மூக்குக்கு அருகில் நீட்டினாள்.

"மோந்து பாருங்க. சரியாப் போயிரும்."

"யார் வச்சா இத?"

"அத்தை."

பையைத் திறந்து பார்த்தேன். தேசிக்காய், குளிருக்குக் கம்பளித் தொப்பி, முழங்காலுக்குத் தேய்க்கத் தைலம், சீனி போட்டுப் பிசைந்த அவல், ஒரு பொலித்தீன் மழைக்கோட்டு. நான் அவளுக்குப் புதுச் சட்டையும் சப்பாத்தும் வாங்கியிருந்தேன், அதோடு சரி. என் பிள்ளையோடு நான் போகும் பிரயாணத்துக்கு நாத்தனாரை யார் மூட்டை கட்டச் சொன்னது என்று எரிச்சல் வந்தது. தேசிக்காயை மட்டும் திருப்பிக் கொடுக்கவில்லை. அது வேலை செய்தது.

மலையடிவாரத்து நல்லதண்ணி ஊரில் இறங்கி ஏறத் தொடங்கும்போது நல்ல வெயில். சனங்கள் பெரும்பாலும் விடியற்காலைச் சூரியனைப் பார்க்கத்தான் ஏறுவார்கள். பகலில் படிகள் ஓரளவு காலியாக இருந்தன. இறங்கி வருகிறவர்கள் எங்களைப் பார்த்து கருணாவய் என்று வாழ்த்திவிட்டுப் போனார்கள். நான் வழிகாட்டி சொல்வதையெல்லாம் தமிழில் மகளுக்குத் திருப்பிச் சொல்லிக்கொண்டே ஏறினேன். இது சீதகங்குல ஓடை, இங்கே முகம் கழுவ வேண்டும். மலையில் இன்னும் எவ்வளவு தூரம் என்று கேட்கக் கூடாது. களைக்கிறது என்று சொல்லக் கூடாது. அவள் எல்லாவற்றுக்கும் "சரிங்க" என்றாள். முகம் கழுவ நான் சொல்வதற்கு முன்பே குனிந்திருந்தாள். புத்திசாலி என்று பெருமைப்பட்டேன்.

ஊசி நூல் போடும் இடத்தில் கோடுகாரர்கள் நூல் உருண்டை வாங்கி, அங்கே தொடங்கி வழியோரமாக இழுத்துக்கொண்டே போக வேண்டும். புத்தர் அங்கே உட்கார்ந்து தன் கிழிந்த காவியைத் தைத்தார் என்று வழிகாட்டி சொன்னார். நான் இரண்டு உருண்டை வாங்கினேன். ஒன்றை அவளிடம் கொடுத்தேன். அவள் அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு சும்மா நின்றாள்.

"இழுத்துக்கிட்டு வா."

"நீங்களே ரெண்டையும் இழுங்க. எனக்குக் கை வலிக்குது."

"அப்படியெல்லாம் சொல்லக் கூடாது. அவங்கவங்க நூல அவங்கவங்கதான் இழுக்கணும்."

அவள் கண் கலங்கியது. களைத்துவிட்டாள் என்று நினைத்து உருண்டையை வாங்கி என் பையில் போட்டேன். பெரிய பெரிய படிகள் வந்தபோது கைப்பிடிக் கம்பியை ஒரு கையால் பற்றிக்கொண்டு மறு கையை அவளுக்கு நீட்டினேன். அவள் பிடிக்கவில்லை. எனக்கு முன்னால், ஓரமாக, கால் வைக்க வேண்டிய இடம் பார்த்து வைத்து, மளமளவென்று போனாள். நான் மூச்சு வாங்கி நிற்கும்போதெல்லாம் மேலே நின்று காத்திருந்தாள். பிள்ளை ஒன்றைக் கூட்டிக்கொண்டு வந்தவளுக்கு அந்தப் பிள்ளையின் முதுகுதான் மலை முழுக்கத் தெரிந்தது.

உச்சியில் காற்று ஆளைத் தள்ளியது. சப்பாத்தைக் கழற்றிவிட்டுப் போய்ப் பாதத்தைக் கும்பிட்டோம். பிறகு வழிகாட்டி எங்களை மணிக்கு அருகில் கூட்டிப்போனார். எத்தனையாவது தடவை மலை ஏறுகிறோமோ அத்தனை தடவை மணியை அடிக்க வேண்டும். கூட வந்த ஒரு பெரியவர் பதினேழு அடித்தார். எல்லோரும் சாது, சாது என்று வாழ்த்தினார்கள். எங்கள் முறை வந்தது.

"வா, ரெண்டு பேரும் சேந்து ஒண்ணு அடிப்போம்," என்றேன். கயிற்றில் என் கைக்கு மேலே அவள் கையை எடுத்து வைத்தேன். இதற்காகத்தான் கேகாலையிலிருந்து வந்திருக்கிறேன் என்று தோன்றியது.

அவள் கையை எடுத்துவிட்டாள். "நீங்க அடிங்க. நான் தனியா அடிக்கிறேன்."

நான் ஒன்று அடித்துவிட்டு நகர்ந்தேன். அவள் கயிற்றைப் பிடித்தாள். ஒன்று. கயிற்றை விடவில்லை. இரண்டு.

"ஏய், வெளாடாதே. பின்னால ஆளுங்க நிக்கிறாங்க."

மூன்று. அடித்துவிட்டுக் கயிற்றை ஆடாமல் பிடித்து நிறுத்தினாள்.

"வெளாடல. எனக்கு மூணு."

வழிகாட்டிக்குத் தமிழ் தெரியாது. ஆனால் மூன்று வரை எண்ணத் தெரியும். அவள் கையில் தான் கட்டிய நூலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நல்ல பையன், ஒன்றும் கேட்காமல் அடுத்தவரைக் கூப்பிட்டார். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை. ஓரமாகப் போய் மதிலைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கீழே மேகம்தான் இருந்தது. அதைப் பார்ப்பது மாதிரி நின்று அழுதேன்.

அவள் வந்து என் முன்னால் நின்றாள்.

"ஏன் சொல்லல?"

"அத்தைதான் சொல்ல வேணாம்னாங்க. நீங்க ஆசையாக் கூட்டிட்டுப் போறீங்க, கெடுக்கக் கூடாதுன்னாங்க. அப்பாவும் அப்படித்தான் சொன்னாரு."

"அப்ப இங்க மட்டும் என்னா?"

"மணியில பொய் சொல்லக் கூடாதுங்க," என்றாள்.

மூன்று பேரும் கூடி எனக்கு நல்லது செய்திருக்கிறார்கள். வீட்டுக்கு விருந்தாளி வந்தால் உடைந்த கோப்பையை மறைத்து வைப்பதில்லையா, அந்த மாதிரி. குவைத்தில் மாடிப்படிக்குக் கீழே தனியாகப் படுத்த எந்த நாளிலும் அவ்வளவு தனிமையாக எனக்கு இருந்ததில்லை. அங்கே எனக்கு ஒரு வீடு இருக்கிறது என்ற நினைப்பாவது இருந்தது.

இறங்கும்போது கம்பியைப் பிடித்துப் பிடித்துக் கால் வைத்தேன். அவள் என் பக்கத்திலேயே வந்தாள். பக்கவாட்டாக இறங்குங்க, முழங்கால் வலிக்காது என்றாள். எனக்கு வாயை மூடிக்கொண்டு வர முடியவில்லை. புண்ணைச் சொறிவது மாதிரி நானே கேட்டேன்.

"மொதத் தடவை எப்ப வந்தே?"

அவ்வளவுதான், அவள் பேச ஆரம்பித்தாள். ஏழு வயதில் வந்தாளாம். தோட்டத்து ஆட்களோடு, லொறியில், கூடாரத் துணிக்குக் கீழே உட்கார்ந்து. பாதி வழியில் அவளுக்குக் காய்ச்சல் வந்துவிட்டதாம். மற்றவர்கள் திரும்பிப் போகச் சொன்னார்களாம். அத்தை அவளை முதுகில் கட்டிக்கொண்டு ஏறினாளாம். மேலே போனபோது அத்தையின் பெருவிரல் நகம் பெயர்ந்து போயிருந்ததாம். இரண்டாவது தடவை ஒன்பது வயதில், நல்ல மழையில். அத்தை வழுக்கி விழுந்து, விழுந்த இடத்திலேயே உட்கார்ந்து சிரித்தாளாம். இதைச் சொல்லும்போது என் மகளும் சிரித்தாள். கையை ஆட்டி, நடித்துக் காட்டி, மூச்சு விடாமல் பேசினாள். இப்படிப் பேச வேண்டும் என்றுதான் நான் அத்தனை நாளும் ஏங்கியிருந்தேன். இப்போது பேசுகிறாள், நானும் கேட்கிறேன், அந்தக் கதையில் நான் எங்கேயும் இல்லை.

"ஏன் அப்படி அவசரப்பட்டு ஏறணும்? காய்ச்சக்காரப் புள்ளையத் தூக்கிக்கிட்டு?" என்றேன். குரலில் கோபம் இருந்தது.

"நேத்திக்கடன்ங்க அது. ரெண்டு நாள் சம்பளமில்லாம, வேலைக்குப் பேரு போடாம வந்தாங்க. விட்டுட்டுப் போனா ஆகாதுன்னாங்க."

"என்னா நேத்தி?"

"அம்மா சொகமா இருக்கணும், சீக்கிரமா வீட்டுக்கு வந்துரணும்னு. ரெண்டு தடவையும் அதேதான். அத்தை சொல்லச் சொல்ல நான் சொன்னேன்."

அவள் வாயில் அம்மா என்ற அந்தச் சொல்லை நான் கேட்டது அதுதான் முதல். நான் படியில் உட்கார்ந்துவிட்டேன். அவளும் உட்கார்ந்தாள். பையிலிருந்து அவலை எடுத்துப் பிரித்து, எனக்கு ஒரு பிடி கொடுத்து, தானும் தின்றாள்.

"நீங்க மேல என்னா வேண்டிக்கிட்டீங்க?" என்று கேட்டாள்.

"எல்லாரும் நல்லா இருக்கணும்னு," என்றேன்.

இந்தப் பிள்ளை தன் அத்தையை மறந்துவிட வேண்டும் என்றுதான் வேண்டியிருந்தேன்.