ஸ்டார்ட் பட்டனும் குலவையும்

கம்ப்யூட்டரை மெட்ராசுக்கு அனுப்பிவிடும் பேச்சு நடந்துகொண்டிருந்தது. எழுபதுகளில் நடந்தது இது. எஸ்.எஸ்.எல்.சி.யும் டைப்ரைட்டிங்கும் முடித்த நான், காரைக்குடியில் ஓர் ஆராய்ச்சிக்கூடத்தில் கம்ப்யூட்டர் படிக்கும் அட்டைகளில் துளையிடும் கார்டு பஞ்ச் வேலை செய்துகொண்டிருந்தேன். மெஷின் போனால் என் வேலையும் போகும்.

பொதுமக்கள் பார்வை நாள் வந்தது. "ஜனங்க என்ன சொல்றாங்கன்னு நானே வந்து பாக்குறேன். அப்புறம் முடிவு பண்ணலாம்" என்று டைரக்டர் சொல்லிவிட்டார்.

ஓடும் மெஷினுக்குப் பக்கத்தில் ரேடியோ வைத்தால் அது இரையும். புரோகிராமை மாற்றினால் இரைச்சலின் சுருதி மாறும். இதை வைத்து எங்கள் இன்ஜினியர் ஒரு கும்மி மெட்டு தயாரித்தார். கார்டுக்கு ஒரு ஸ்வரம் என்று நான் பஞ்ச் செய்தேன்.

வந்தவர்கள் கேட்டார்கள். "ரேடியோ நல்லாருக்கு" என்று சொல்லிப் போனார்கள்.

மதியம் நாச்சியாபுரத்திலிருந்து நடவு வேலை செய்யும் பெண்கள் வந்தார்கள். மெட்டு ஒரு சுற்று முடிந்ததும் குலவை போட்டார்கள். மெஷின் அதைச் சட்டை செய்யாமல் அடுத்த சுற்றுக்குப் போய்விட்டது.

"ஏந்தாயி, குலவை போட விடாதா இது?" என்று அவர்களில் மூத்தவரான காளியம்மாள் என்னைக் கேட்டார்.

எனக்குப் புதியவர்களிடம் பேச வராது. இன்ஜினியரைப் பார்த்தேன். "சுற்று முடியுற இடத்துல ஸ்வரம் இல்லாத கார்டு ரெண்டு சொருகுங்க" என்றார். அந்த இடைவெளி போதவில்லை. இன்னும் சொருகினேன். இப்போது குலவை முடிந்த பிறகும் மெஷின் சும்மா இருந்தது.

"குலவையை அளந்தா போடுவாக?" காளியம்மாள் சிரித்தார். "நாங்க முடிச்சப்பறம் பாடச் சொல்லுங்கய்யா."

"அதுக்குக் காது கேக்காதும்மா" என்றார் இன்ஜினியர்.

"எனக்குக் கை இருக்குல்ல? எதை அமுக்கணும், சொல்லுங்க."

இன்ஜினியர் யோசித்தார். ஒவ்வொரு சுற்று முடிவிலும் மெஷின் நின்றுவிடும்படி மாற்றினார். ஸ்டார்ட் பட்டனை அழுத்தினால்தான் மேலே ஓடும். பட்டனருகே காளியம்மாள் நின்றுகொண்டார்.

டைரக்டர் உள்ளே வந்தபோது மெஷின் நின்றிருந்தது. குலவை மட்டும் அறையை அதிரவைத்தது.

"மெஷின் ரிப்பேரா?"

"இல்ல சார், வெயிட் பண்ணுது" என்றார் இன்ஜினியர்.

"யாருக்கு?"

"எங்களுக்குத்தேன்" என்று காளியம்மாள் பட்டனை அழுத்தினார். மெட்டு கிளம்பியது.

அடுத்த சுற்றில் டைரக்டரே பட்டனில் விரல் வைத்தார். குலவை முடியும் முன்பே அழுத்திவிட்டார்.

"என்னய்யா அவசரம்? பஸ்ஸுக்கா போறீக?" என்றார் காளியம்மாள்.

அதற்கடுத்த முறை சரியாக அழுத்தினார். பிறகு அந்த இடத்தை விட்டு நகரவில்லை. வெளியே வரிசை நீண்டது.

மறுநாள் என் மேஜைக்கு வந்தார். "இன்னொரு மெட்டு பஞ்ச் பண்ணும்மா. நிக்கிற இடத்தை மறந்துடாதே" என்றார். மெட்ராஸ் பேச்சை அவர் எடுக்கவில்லை. மெஷினும் காரைக்குடியை விட்டுப் போகவில்லை.

புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: மெஷினை ஓட்ட நாம் கற்றுக்கொள்ளலாம். அது எங்கே நிற்க வேண்டும் என்பதை, எதிரே நிற்பவர்களிடம் கேளுங்கள்.